கணு இல்லாத இலைகள்

செடியைக் கொன்றது நான்தான். கஞ்சி ஊற்றிக் கொன்றேன். ஒரே நாளில் அல்ல, பதினோரு நாளில்.

பொங்கலுக்கு மெஸ்ஸை மூடிவிட்டார்கள். அதுவரை மூன்று வேளையும் அங்கேதான் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். வீட்டில் அரிசி இருந்தது. பிரியா வாங்கி வைத்தது, வண்டு விழுந்திருந்தது. கழுவினேன். மிதந்ததை எடுத்துப் போட்டேன். உப்புப் போட்டு வேகவைத்தேன். வடிதட்டை மூடிச் சாய்த்துக் கஞ்சியை வடித்தேன். கையில் கொஞ்சம் பட்டது. அம்பகரத்தூரில் அம்மா வடிப்பதைப் பார்த்திருக்கிறேன், அதனால் வந்துவிட்டது. மெஸ் திறந்த பிறகும் நான் போகவில்லை. போகாததற்குக் காரணம் எதுவும் இல்லை.

வடித்த கஞ்சியை என்ன செய்வதென்று தெரியவில்லை. பிரியா தினமும் காலையில் அரிசிப் பாத்திரத்திலிருந்து வெள்ளையாக எதையோ மணி பிளாண்ட் தொட்டியில் ஊற்றுவாள். சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டே அதைப் பார்த்திருக்கிறேன். இரண்டரை வருடம் பார்த்திருக்கிறேன். அவள் ஊற்றியது அரிசி கழுவிய தண்ணீர். நான் ஊற்றியது கஞ்சி, அதுவும் அலுவலகத்துக்கு நேரமாகிவிட்டதென்று வடித்த சூட்டோடு. தொட்டி மண்ணிலிருந்து ஆவி வந்தது. வருவதைப் பார்த்தேன். ஒன்றும் தோன்றவில்லை.

பிரியா என் மனைவி. முழுப் பெயர் விஷ்ணுப்ரியா. ஒரு தனியார் பள்ளியில் கணக்கு டீச்சர். செப்டம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை தலை வலிக்கிறதென்று பள்ளியிலிருந்து சீக்கிரம் வந்தாள். புதன்கிழமை காலை மூளையில் ரத்தக் கசிவு என்றார்கள். வெள்ளிக்கிழமை வீட்டுக்குக் கொண்டுவந்தோம். வயது இருபத்தேழு. இதற்கு மேல் அதைப் பற்றிச் சொல்ல என்னிடம் எதுவும் இல்லை.

காரைக்காலில், மாங்கனித் திருவிழாவுக்குச் சாமி வரும் தெருவில், ஒரு மாடி வீட்டில் வாடகைக்கு இருந்தோம். இருக்கிறேன். கீழே வீட்டுக்கார அம்மா ஆஸியா பீவியும் அவருடைய மருமகள் நஜீபாவும். மகன் ஆபித் ஷார்ஜாவில்.

அந்தச் செடி வந்த கதை இது. கல்யாணமான பத்தாம் நாள் எனக்குக் கடைவாய்ப் பல் பிடுங்க வேண்டியிருந்தது. நான் உள்ளே வாயைத் திறந்துகொண்டு படுத்திருந்தபோது, வெளியே வரவேற்பறையில் பிரியா ஒரு கொடியைக் கிள்ளிக் கைப்பையில் போட்டுக்கொண்டாள். வழியெல்லாம் தானாகச் சிரித்துக்கொண்டு வந்தாள். என் வாயில் பஞ்சு. ஏன் என்று கேட்க முடியவில்லை. வீட்டுக்கு வந்ததும் பையைத் திறந்து காட்டினாள். கேட்டிருந்தால் கொடுத்திருப்பார்களே என்று ஒரு தாளில் எழுதிக் காட்டினேன்.

"கேட்டு வாங்குனா வராதுங்க. மணி பிளாண்ட்டத் திருடித்தான் வைக்கணும். குடுத்தா குடுத்தவங்க வீட்டு லட்சுமி போயிடும். வாங்குனவங்களுக்கு வேர் விடாது. இதெல்லாம் தேற்றம். நிரூபிக்கச் சொல்லக் கூடாது" என்றாள்.

ஊரெல்லாம் சொல்வதுதான். எனக்குத்தான் தெரிந்திருக்கவில்லை.

கொடி வளர்ந்தது. சுவரில் ஆணி அடித்து நைலான் நூல் கட்டி அதை ஓட விட்டாள். ஜன்னலிலிருந்து கிளம்பி, காலண்டரைத் தாண்டி, டிவிக்கு மேலே போய், அடுத்த சுவருக்குத் திரும்பியது. வீட்டுக்கு வருபவர்களும் திருடினார்கள். அது அவளுக்குப் பிடிக்கும். யாராவது வந்து போனதும் முதல் வேலையாகக் கணுக்களை எண்ணுவாள்.

"காலையில அம்பத்தெட்டு. இப்ப அம்பத்தஞ்சு. மூணு கணு அபேஸ். உங்க ஆபீஸ் நீலாயதாட்சி அக்கா வேலை. எனக்குத் தெரியும், ஜன்னல்கிட்ட நின்னு சாமியப் பாக்குற மாதிரி நின்னாங்க. ஒரு கையால மாம்பழத்தப் புடிச்சாங்க, இன்னொரு கையால கிள்ளிட்டாங்க."

அது மாங்கனி அன்று, சாமி வரும்போது தெருவெல்லாம் மாம்பழம் வீசுவார்கள். நான் செல்போன் பார்த்துக்கொண்டு "ம்" என்றேன்.

ஜனவரி கடைசியில் இலைகள் ஒன்றொன்றாக மஞ்சளாகித் தொங்கின. தொட்டி புளித்த நாற்றம் அடித்தது. அடித்தண்டைத் தொட்டேன். வெந்த கீரைத்தண்டுபோல் நசுங்கியது. அப்போதுதான் ஆவி ஞாபகம் வந்தது.

வெட்டித் தண்ணீரில் வைத்தால் வேர் விடும் என்பது மட்டும் தெரியும். நுனிப் பக்கத்தில் எட்டு இலைகள் நன்றாக இருந்தன. இலை நன்றாக இருந்தால் போதுமென்று நினைத்தேன். ஒவ்வொரு இலையையும் அதன் காம்போடு கத்தரித்தேன், தண்டைத் தொடாமல், சுத்தமாக. எட்டு பாட்டில்களில் தண்ணீர் ஊற்றிச் செருகி ஜன்னலில் வரிசையாக வைத்தேன். சாஸ் பாட்டில், ஊறுகாய் பாட்டில், அவளுடைய இருமல் மருந்து பாட்டில். மீதிக் கொடியை நூலிலிருந்து உருவினேன். சாக்குப் பையில் பாதி நிறைந்தது. மறுநாள் காலை குப்பை வண்டியில் போட்டேன்.

நான்கு நாள் கழித்து அத்தை போன் செய்தார். பிரியாவின் அம்மா, சந்திரலேகா. விழிதியூரில் இருக்கிறார். மாமா இல்லை. இவள் ஒரே பெண்.

"மாப்ள, சாப்டீங்களா?"

"சாப்டேன் அத்தை."

"என்ன சாப்டீங்க?"

"சோறு."

"சோத்துக்கு?"

யோசித்தேன். ஞாபகம் வரவில்லை. "தயிர்" என்றேன்.

"ராத்திரியில தயிரு ஊத்திக்காதீங்க." பிறகு விஷயத்துக்கு வந்தார். "எங்கண்ணன் கேக்குறாரு. மாசி பொறந்து ரெண்டாவது ஞாயித்துக்கிழம வண்டி எடுத்துக்கிட்டு வரலாமான்னு. சீர் சாமான எடுத்துடணுமாம். புள்ளகுட்டி இல்லாததால அதுதான் வழக்கம்ங்கிறாரு. எனக்கு அதெல்லாம் எதுக்கு மாப்ள? சொன்னா கேக்க மாட்டேங்கிறாரு."

"வாங்க அத்தை. எடுத்துக் கட்டி வைக்கிறேன்."

"மாப்ள, அந்தக் கொடி இருக்கா?"

"எந்தக் கொடி?" என்றேன். எனக்குத் தெரியும்.

"அதாங்க, சுவத்தச் சுத்தி விட்டிருந்தாளே. அதுல ஒரு கிள்ளு வேணும். வேற எதுவும் வேணாம் எனக்கு. முந்துன வருஷத் தீபாவளிக்கு வந்தப்ப கிள்ளப் போயி கையும் களவுமா மாட்டிக்கிட்டேன். 'பாத்துட்டேம்மா, பாத்தா செல்லாது, வச்சிட்டுப் போ'ன்னுட்டா. பெத்தவன்னு கூடப் பாக்கல." சிரித்தார். சிரிப்பு பாதியில் நின்றது. "இருக்குல்ல மாப்ள?"

நூல் மட்டும் ஓடும் சுவரைப் பார்த்தேன்.

"இருக்கு" என்றேன்.

எட்டு இலைகளும் பச்சையாகத்தான் இருந்தன. அதை நம்பித்தான் சொன்னேன். மூன்று வாரம் இருந்தது. எட்டில் ஒன்று வேர் விடாதா?

அடுத்த ஞாயிற்றுக்கிழமை நஜீபா மொட்டை மாடிக்குத் துணி காயப்போட வந்தாள். மாடிப்படி எங்கள் வாசலைத் தாண்டித்தான் போகும். கதவு திறந்திருந்தது. வாளியை இடுப்பில் வைத்துக்கொண்டே உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"என்னண்ணே, செவுரு மொட்டையா இருக்கு? அக்காவோட கொடி எங்க?"

சொன்னேன். கஞ்சியைச் சொன்னேன். சூட்டையும் சொன்னேன்.

"அல்லாவே" என்றாள். வாளியைக் கீழே வைத்தாள். பிறகு ஜன்னலைப் பார்த்தாள். "இது என்ன, எட்டுப் பாட்டிலு?"

"வெட்டி வச்சிருக்கேன். வேர் விட."

நிலைப்படியில் நின்றபடியே கையை நீட்டி ஒன்றைக் கேட்டாள். எடுத்துக் கொடுத்தேன். வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். ஒரு நொடி சிரிப்பு வந்துவிட்டது அவளுக்கு, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"சிரிக்கிறேன்னு நெனக்காதீங்கண்ணே. கணுவே இல்லாம வெட்டிருக்கீங்க. இது வெறும் எலைக்காம்பு. வேரு எங்கேருந்து வரும்? தண்டுல முண்டு மாதிரி இருக்கும்ல, பழுப்பா, அதுலேர்ந்துதான் வேரும் வரும், கொழுந்தும் வரும். அந்தத் தண்ட எங்க?"

"குப்பை வண்டியில போட்டுட்டேன்."

"எல்லாத்தயுமா?"

"எல்லாத்தையும்."

கீழேயிருந்து ஆஸியா பீவி, "ஏ நஜீபா, துணி காயப்போடப் போனியா, நெய்யப் போனியா?" என்று குரல் கொடுத்தார்.

"வர்றேன் மாமி!" என்று கத்திவிட்டு, பாட்டிலைத் திரும்பக் கொடுத்தாள்.

"இது செத்துடுமா?" என்று கேட்டேன்.

"சாவாது. அதான் கேடு. மாசக்கணக்கா பச்சையா நிக்கும் தண்ணியில. வளரவும் வளராது, சாவவும் சாவாது. சும்மா நிக்கும்."

பாட்டிலை அதன் இடத்தில் வைத்தேன்.

"நர்சரியில ஒண்ணு வாங்கிக்கங்கண்ணே. எல்லாம் ஒரே மாதிரிதான இருக்கும்."

"அது வேற செடி. அத்தை இதைத்தான் கேட்டாங்க. இருக்குன்னு சொல்லிட்டேன்."

அவள் வாளியை எடுத்தாள். மறுபடி வைத்தாள். "நானும் ரெண்டு தடவ திருடுனேண்ணே, அக்காகிட்டேருந்து. இப்ப சொல்றதுக்கு என்ன. கொல்லையில தொட்டியில நல்லாத்தான் வந்துச்சு. பக்ரீத்துக்கு வாங்கிக் கட்டியிருந்த கிடா அவுத்துக்கிட்டுப் போயி மொத்தத்தயும் மேஞ்சிடுச்சு. அக்கா கேட்டாங்க, 'திருட்டுச் சொத்து எப்படி இருக்கு நஜீபா'ன்னு. குர்பானியில போச்சுக்கான்னேன். படியில உக்காந்து சிரிச்சாங்க." துணிகளைப் பார்த்துக்கொண்டே கேட்டாள், "வேற யாரும் திருடலயா?"

அப்போதுதான் நீலாயதாட்சி மேடம் ஞாபகம் வந்தது.

பிளஸ் டூ தாவரவியலில் மூன்று மதிப்பெண் கேள்வியாகப் படித்திருக்கிறேன்: வெட்டி வைத்த தண்டிலிருந்து வளர்வது பிள்ளைச் செடி அல்ல, அதே செடி. எங்கே வளர்ந்தாலும் அதேதான். கணுவைப் பற்றியும் அந்தப் பாடத்தில்தான் இருந்திருக்க வேண்டும். அது மறந்துபோயிற்று.

நான் கொம்யூன் பஞ்சாயத்து அலுவலகத்தில் கட்டட அனுமதிப் பிரிவில் எழுத்தர். நீலாயதாட்சி எனக்கு எதிர் மேஜை. ஓய்வு பெற இரண்டு வருடம் இருக்கிறது. அவருக்குப் பின்னால் உள்ள கோப்பு அலமாரியின் உச்சியில் ஹார்லிக்ஸ் பாட்டில் ஒன்று, அதில் மணி பிளாண்ட். ஜன்னல் கம்பியைப் பிடித்து மேலே போய்ச் சீலிங்கைத் தொட்டிருந்தது. தினமும் என் கண் எதிரில்தான் இருந்திருக்கிறது. நாகப்பட்டினத்து அக்கா கொடுத்தது என்று அலுவலகத்தில் எல்லோரிடமும் சொல்லியிருந்தார். யாரையும் தொட விடமாட்டார். கேட்டால் கொடுப்பாரா, தெரியாது. கேட்கவும் முடியாது. கேட்டு வாங்கினால் வராது.

இதை நான் நம்புகிறேனா என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். அது அவளுடைய செடி. அவளுடைய விதி.

திங்கட்கிழமை மதியம் எல்லோரும் சாப்பிடப் போனதும் நாற்காலியைப் போட்டு ஏறினேன். ஷேவிங் பிளேடு கொண்டுபோயிருந்தேன். இந்த முறை கணுவைப் பார்த்தேன். தண்டில் விரல் மூட்டுப்போல ஒரு வளையம், அதன் அருகே பழுப்பாக ஒரு முண்டு. அதற்கு ஓர் அங்குலம் கீழே சாய்வாக வெட்டினேன். ஒன்று. இரண்டு. மூன்று. சட்டைப் பையில் போட்டேன்.

"என்ன தம்பி, ஃபேனத் துடைக்கிறீங்களா?"

நீலாயதாட்சி வாசலில் நின்றிருந்தார். மோர் டப்பாவை மேஜையில் மறந்து வைத்துவிட்டுப் போயிருந்தார். அதை எடுக்கத் திரும்பி வந்திருக்கிறார்.

"ஆமாம் மேடம்" என்றேன். கையில் துணி இல்லை. பிளேடு இருந்தது.

"தூசி ரொம்பத்தான் இருக்கு. நாலு மாசமா சொல்றேன், யாரு கேக்குறா?" மேஜைக்கு வந்து டப்பாவை எடுத்தார். மூடியைத் திறந்து பார்த்து மறுபடி மூடினார். போகவில்லை. நான் நாற்காலி மேலேயே நின்றேன்.

"எங்கக்கா குடுத்த செடி" என்றார்.

"தெரியும் மேடம்."

"நாகப்பட்டினத்து அக்கா."

"ஆமாம்."

அவர் என்னைப் பார்க்கவில்லை. செடியைப் பார்த்தார். "மாங்கனிக்கு மறுநாள் உங்க வீட்டம்மா எனக்குப் போன் பண்ணுச்சு. 'அக்கா, பழம் இனிச்சுதா?'ன்னுச்சு. இனிச்சுதும்மான்னேன். 'மூணும் இனிச்சுதா?'ன்னுச்சு. நான் புடிச்சது ஒரு பழந்தான் தம்பி. ஒரு பழந்தான் புடிச்சேன்."

"அவ எண்ணுவா மேடம்" என்றேன். "ஒவ்வொரு கணுவா."

"எண்ணுமா?"

"தினமும்."

"பாவிப் பொண்ணு" என்றார் நீலாயதாட்சி. புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தார். மோர் டப்பாவை எடுத்துக்கொண்டு வாசல்வரை போனார். அங்கேயிருந்து திரும்பாமலே சொன்னார்:

"பையில எலை தெரியுது தம்பி. உள்ள தள்ளி விட்டுக்கங்க. நான் ஒண்ணும் பாக்கல."

பிறகு நடந்தது செய்முறை மட்டும். நஜீபா படியில் நின்று சொன்னதை அப்படியே செய்தேன். அடி இலையைக் கிள்ளிவிட வேண்டும். கணு தண்ணீருக்குள், இலை வெளியே. போர் தண்ணீர் ஊற்றக் கூடாது, கடல் பக்கமாதலால் உப்பு. குழாய்த் தண்ணீரை ஒரு நாள் திறந்து வைத்திருந்து ஊற்ற வேண்டும். நேர் வெயில் ஆகாது. மூன்று நாளுக்கு ஒருமுறை தண்ணீர் மாற்ற வேண்டும். மூன்று பாட்டில்கள் வாங்கினேன். பழைய எட்டையும் எடுத்துப் போடவில்லை. ஜன்னலில் இடம் இருந்தது.

காலையில் எழுந்ததும் மூன்றையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்ப்பேன். ஆறாம் நாள் ஒன்றும் இல்லை. எட்டாம் நாள் முண்டின் நுனியில் வெள்ளையாக ஒரு புள்ளி. பூஞ்சை என்று நினைத்தேன். பத்தாம் நாள் அது அரிசி நீளம். பன்னிரண்டாம் நாள் மூன்றிலும் வேர் இருந்தது. நஜீபாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். "மாஷா அல்லா" என்றாள். "சந்தோஷமா இருக்காண்ணே?"

"வேர் வந்திருக்கு" என்றேன்.

சனிக்கிழமை சாமான்களைக் கட்டினேன். குத்துவிளக்கு, பித்தளை அண்டா, மிக்ஸி, வெள்ளிக் கிண்ணம். புடவைகளை பீரோவிலேயே விட்டேன். பீரோவும் சீர்தான். சோறு வடிக்கும் பானையும் வடிதட்டும்கூட அத்தை வீட்டுச் சீர்தான், அடியில் பிரியாவின் பெயர் வெட்டியிருந்தது. கழுவித் துடைத்து அவற்றையும் அட்டைப்பெட்டியில் வைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்கு வண்டி வந்தது. அத்தையும் அவர் அண்ணன் சிதம்பரநாதனும், டிரைவரும். சிதம்பரநாதன் மாமா உள்ளே வந்ததும் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். அது கொடிக்காகப் பிரியா அடித்த ஆணி.

"மொதல்ல பீரோ. மாப்ள, அந்த முனையப் புடிங்க. டேய் டிரைவரே, செவுத்துல இடிக்காத, வாடக வீடு! அட, பாத்து, பாத்து. கல்யாணத்தன்னிக்கு ஏத்துறப்ப எட்டுப் பேரு இருந்தோம். அன்னிக்கும் இப்படித்தான் கத்துனேன்."

பீரோ இறங்கியது. படியில் மூன்று இடத்தில் இடித்தது. நான் மேலே வந்தபோது அத்தை ஹாலில் நின்றுகொண்டிருந்தார். கைப்பையை இரண்டு கையாலும் பிடித்திருந்தார். ஜன்னலிலிருந்து காலண்டர்வரை, அங்கிருந்து டிவிவரை, பிறகு அடுத்த சுவர்வரை, நூல் போன வழியே அவர் கண் போனது.

"கொடி எங்க மாப்ள?"

ஜன்னலில் இருந்த மூன்று பாட்டில்களையும் காட்டினேன். எட்டு இலைகளை முன்பே உள்ளறைக்கு மாற்றியிருந்தேன். மூன்று பாட்டிலிலும் வெளியே இரண்டு இலை, தண்ணீருக்குள் ஒரு கணு.

"இதா?"

பழைய கொடியைக் கழித்துப் புதிதாக வைத்திருக்கிறேன் என்று சொல்லலாம். அது பாதி உண்மை. நேற்றிரவு அந்த வாக்கியத்தைத் தயார் செய்தும் வைத்திருந்தேன்.

"அந்தக் கொடி செத்துப்போச்சு அத்தை" என்றேன். "நான்தான். கஞ்சி வடிச்சு சூடா ஊத்திட்டேன். பதினோரு நாள். அவ ஊத்துனது அரிசி கழுவுன தண்ணி. எனக்குத் தெரியல. தினமும் பாத்திருக்கேன். தெரியல."

"போன்ல இருக்குன்னீங்க."

"பொய் சொன்னேன். இது அதோட துண்டுதான். எங்க ஆபீஸ்ல ஒருத்தவங்க அவகிட்டேருந்து திருடி வச்சிருந்தாங்க. அவங்ககிட்டேருந்து நான் திருடிட்டு வந்தேன்."

அத்தை நாற்காலியில் உட்கார்ந்தார். கீழே மாமா கட்டிலுக்குக் கயிறு கேட்டுக் கத்திக்கொண்டிருந்தார். அத்தையின் முகத்தில் கோபமா வேறெதுவுமா என்று எனக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை. ஐந்து மாதமாக யார் முகத்திலும் எனக்கு அது தெரிவதில்லை.

"நீங்க திருடுனீங்களா?" என்றார்.

"ஆமாம்."

"எப்படி?"

"நாற்காலி போட்டு ஏறி. பிளேடால."

"யாரும் பாக்கலயே?"

"பாக்கலன்னு சொல்லிட்டாங்க."

அவர் வாய் ஒரு பக்கமாகக் கோணியது. சிரிப்பாகவும் இருக்கலாம். ஒரு பாட்டிலை எடுத்து வேரைப் பார்த்தார். அதை எடுத்த இடத்திலேயே திரும்ப வைத்துவிட்டு, கையைப் புடவையில் துடைத்துக்கொண்டார்.

"எடுத்துக்கங்க அத்தை" என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். சொல்லவில்லை.

"டீ போட வருமா உங்களுக்கு?" என்று கேட்டார்.

"வரும்."

"போடுங்க. அவசரம் இல்ல. மெதுவாவே போடுங்க."

சமையலறைக்குப் போனேன். அடுப்பைப் பற்றவைத்தேன். பால் வைத்தேன். சமையலறைக்குக் கதவு கிடையாது. திரும்பினால் ஹால் தெரியும், ஜன்னல் தெரியும். நான் டைல்ஸைப் பார்த்துக்கொண்டு நின்றேன். நாலாவது வரிசையில் ஒன்று விரிசல் விட்டிருந்தது. பால் பொங்கியது. குறைத்தேன். தூள் போட்டேன், சர்க்கரை போட்டேன். டீ தயாராகிவிட்டது. அடுப்பை அணைத்துவிட்டு அங்கேயே நின்றேன். ஹாலில் நாற்காலி நகர்ந்தது. பிறகு தண்ணீர் அசையும் சத்தம், சின்னதாக. பிறகு ஜிப்.

இன்னும் கொஞ்ச நேரம் நின்றேன். வடிகட்டினேன். டம்ளரை எடுத்துக்கொண்டு போனேன்.

அத்தை நாற்காலியில் அதே மாதிரி உட்கார்ந்திருந்தார். பை மடியில் இருந்தது. நான் ஜன்னல் பக்கம் பார்க்கவில்லை.

டீயைக் குடித்தார். "சக்கர கம்மி" என்றார். பாதியில் வைத்துவிட்டு எழுந்து, வாசல் ஓரம் இருந்த கடைசி அட்டைப்பெட்டியைத் திறந்து பார்த்தார். சோற்றுப் பானையையும் வடிதட்டையும் வெளியே எடுத்து என் கையில் கொடுத்தார்.

"இத எதுக்குக் கட்டுனீங்க? நாளைக்கு எதுல பொங்குவீங்க?"

"மாமா எல்லாம் எடுக்கணும்னாங்க."

"அவரு கெடக்காரு." படியிறங்கும்போது கைப்பையை வயிற்றோடு அணைத்துப் பிடித்துக்கொண்டார், தண்ணீர்க் குடம் கொண்டுபோவதுபோல. பாதியில் நின்றார். "கஞ்சிய ஆற வச்சு, மோரு ஊத்திக் குடிங்க மாப்ள. வயித்துக்கு நல்லது."

வண்டி போனது. பீரோ இருந்த இடத்தில் தரை வேறு நிறமாக இருந்தது.

நஜீபா கீழ்வாசலில் நின்று வண்டி திரும்புவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அத்தைக்குக் கொடியக் குடுத்தீங்களாண்ணே?" என்று கேட்டாள்.

"குடுக்கல" என்றேன். "காலையில மூணு இருந்துச்சு. இப்ப ரெண்டுதான் இருக்கும்னு நெனக்கிறேன்."

அவள் என்னைப் பார்த்தாள். பிறகு தலையாட்டினாள். "அப்ப வந்துடும்ணே" என்றாள்.

மேலே வந்து எண்ணினேன். இரண்டு. மூன்றாவது பாட்டிலில் தண்ணீர் மட்டும் இருந்தது, அதில் பாதி ஜன்னல் பலகையில் சிந்தியிருந்தது. துடைத்தேன். உள்ளறையிலிருந்து கணு இல்லாத எட்டு இலைகளையும் எடுத்துவந்து ஜன்னலில் பழையபடி வரிசையாக வைத்தேன். எல்லாம் பச்சையாகவே இருந்தன. கடைசியாகத் தண்ணீர் மாற்றி மூன்று நாள் ஆகியிருந்தது. பத்து பாட்டில்களுக்கும் தண்ணீர் மாற்றினேன்.